ஒரு தீர்ப்பின் இரு பாதிகள்: நக்கீரன் கோபாலின் பத்திரிகை வாழ்வு குறித்து ஓர் ஆய்வு

1. கேள்வி

இந்திய அரசியல் சட்டத்தைப் பயில்வோர் 'ஆட்டோ சங்கர் வழக்கு' என்று சுருக்கமாகக் குறிப்பிடும் தீர்ப்பு ஒன்று உண்டு. 1994ஆம் ஆண்டு அக்டோபர் 7ஆம் தேதி உச்ச நீதிமன்றத்தின் நீதிபதிகள் பி. பி. ஜீவன் ரெட்டியும் எஸ். சி. சென்னும் வழங்கிய அத்தீர்ப்பில் ஆட்டோ சங்கர் மனுதாரனும் அல்லன், எதிர்மனுதாரனும் அல்லன். வழக்கைத் தொடுத்தவர் ஆர். ராஜகோபால், அதாவது 'நக்கீரன்' இதழின் ஆசிரியராகவும் அச்சிடுபவராகவும் வெளியிடுபவராகவும் இருந்த நக்கீரன் கோபால். அவருடன் சேர்ந்து மனுச் செய்தவர் அவ்விதழின் இணை ஆசிரியர். எதிர்த்தரப்பில் நின்றது தமிழ்நாடு அரசு.

கொலையாளி ஒருவனின் பெயரால் வழங்கிவரும் இத்தீர்ப்பு, உண்மையில் ஒரு பத்திராதிபரின் பிரசுர உரிமைக்காகக் கேட்டுப் பெறப்பட்டது. அந்த உரிமையை அதிகாரிகள் முன்கூட்டியே தடுக்கலாகாது என்று முதற்பாதியில் உறுதி செய்த நீதிபதிகள், பிறருடைய அந்தரங்கத்துக்குள் அவர்தம் சம்மதமின்றி எந்தப் பத்திரிகையும் புகலாகாது என்று மறுபாதியில் வரம்பும் கட்டினார்கள். முதற்பாதியைத் தமிழ்ப் பத்திரிகை உலகம் தன் வெற்றியாகக் கொண்டாடிற்று. மறுபாதியை அது தனக்குச் சொல்லப்பட்டதாகவே எடுத்துக்கொள்ளவில்லை. இவ்விரண்டையும் சேர்த்தே அளவுகோலாகக் கொண்டு, அந்த அளவுகோலுக்குக் காரணராக இருந்தவரின் வாழ்வையே அளந்தால் என்ன தெரியவரும் என்பதுதான் இக்கட்டுரை ஆராயப் புகும் கேள்வி.

2. இதுவரையிலான மதிப்பீடுகள்

கோபாலைக் குறித்து நிலவிவரும் அபிப்பிராயங்களை மூன்றாக வகுத்துக்கொள்ளலாம். முதலாவது, பெருவாரியான வாசகர்களின் அபிப்பிராயம். ஆட்சியில் இருப்பவர் எவராயினும் அஞ்சாமல் எழுதுபவர், சந்தனக் கடத்தல்காரன் வீரப்பனைக் காட்டுக்குள் தேடிச் சென்று கண்டவர், சிறைக்குப் போய் வந்தும் பேனாவைக் கீழே வைக்காதவர் என்று சாகசமும் தியாகமும் கலந்த ஒரு சித்திரத்தை அது தீட்டுகிறது. சிவபெருமான் பாட்டிலேயே குற்றம் கண்டதாகத் திருவிளையாடற் கதை சொல்லும் புலவரின் பெயரை இதழுக்குச் சூட்டியதும், எவரும் எளிதில் மறக்க முடியாத அந்த மீசையும் இச்சித்திரத்துக்குத் துணை செய்தன.

இரண்டாவது, படித்த மத்தியதர வர்க்கத்தாரின், குறிப்பாக ஆங்கில தினசரிகளை வாசித்துப் பழகியோரின் அபிப்பிராயம். பரபரப்பையே மூலதனமாக்கிய மஞ்சள் பத்திரிகை என்று ஒரே சொல்லில் அது தீர்ப்புக் கூறிவிடும். இப்படிச் சொல்வோரின் மனத்தில், நினைத்தோ நினையாமலோ, சென்னைப் பட்டணத்தின் பழைய சரித்திரம் ஒன்று நிழலாடுகிறது. 'சினிமா தூது', 'இந்து நேசன்' ஆகிய இதழ்களில் நடிகர்களின் சொந்த வாழ்வைக் கிளறி எழுதிவந்த சி. என். லட்சுமிகாந்தன் 1944 நவம்பரில் வேப்பேரியில் கத்தியால் குத்தப்பட்டு மாண்டதும், அவ்வழக்கில் எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் தண்டனை பெற்றுச் சிறையிருந்து, பிரிவி கவுன்சில் வரை மேல்முறையீடு சென்று, 1947இல் விடுதலையானதும் தமிழர் பலரும் அறிந்த விருத்தாந்தங்கள். தனிமனிதரின் சொந்த வாழ்வைத் தொடும் எந்தத் தமிழ் இதழும் அந்த இழிபெயருக்குத் தப்பியதில்லை.

மூன்றாவது, சட்ட அறிஞர்களின் நோக்கு. அவர்களுக்கு ராஜகோபால் என்பது ஒரு வழக்கின் தலைப்பு. அந்தத் தலைப்புக்குப் பின்னால் இருந்த மனிதரும் இதழும் அவ்விதழின் நடையும் அவர்களுடைய ஆராய்ச்சிக்கு வெளியே நிற்பவை.

இம்மூன்றிலும் உண்மையின் அம்சம் உண்டு. ஆயினும் மூன்றும் ஒவ்வொரு வகையில் குறைபட்டவை. முதலாவது, துணிவை அளந்துவிட்டு ஆதாரத்தை அளக்க மறக்கிறது. இரண்டாவது, நடையைக் கண்டு முகம் சுளித்து, அந்த நடையில் சொல்லப்பட்ட செய்தி மெய்யா என்று விசாரிக்காமலே விலகிவிடுகிறது. மூன்றாவது, தீர்ப்பை அது விளைந்த மண்ணிலிருந்து பெயர்த்தெடுத்து நூலகத்தில் வைத்துவிடுகிறது.

3. காலமும் கரையும்

அருப்புக்கோட்டையிலிருந்து சென்னைக்கு வந்த கோபால், 'தராசு' இதழில் பக்க வடிவமைப்பாளராக, பத்திரிகைக்காரர் பேச்சில் சொன்னால் லே-அவுட் ஆர்ட்டிஸ்டாக, வேலை பார்த்தவர். நிருபராகத் தொடங்கி ஆசிரியரானவர்களுக்கும், பக்கத்தை வடிவமைக்கும் மேசையிலிருந்து ஆசிரியரானவருக்கும் இடையே ஒரு வேற்றுமை உண்டு. முன்னவர் செய்தியை வாக்கியமாகக் காண்பார். பின்னவர் அதைப் படமாகவும் தலைப்பெழுத்தின் பருமனாகவும் காண்பார். பெட்டிக்கடைக் கயிற்றில் கிளிப் மாட்டித் தொங்கும் அட்டையும், கடை வாசலில் தட்டியில் ஒட்டப்படும் வால் போஸ்டருமே பாதி வாசகரை இழுத்துவிடும் என்பதை அறிந்த கண் அது. 'நக்கீரன்' அட்டைகளின் உரத்த குரலுக்கு வியாபார நோக்கம் மாத்திரம் காரணமன்று, ஆசிரியர் பயின்ற தொழிலும் ஒரு காரணம் என்று கொள்ள இடமுண்டு.

இதழ் தொடங்கியது 1988 ஏப்ரலில். எம். ஜி. ராமச்சந்திரன் 1987 டிசம்பர் 24ஆம் தேதி காலமாகி, அவருக்குப் பின் கட்சி பிளவுண்டு, 1988 ஜனவரி இறுதியில் குடியரசுத் தலைவர் ஆட்சி அமலாகி, மக்கள் தேர்ந்தெடுத்த அமைச்சரவை ஏதுமின்றி அதிகாரிகளே தமிழ்நாட்டை நிர்வகித்துவந்த காலம் அது. புலனாய்வு இதழுக்கு வாசகரும் தயாராக இருந்தனர். 1983இல் தொடங்கிய 'ஜூனியர் விகடன்', அரசியல் சூழ்ச்சிகளையும் அதிகாரிகளின் முறைகேடுகளையும் வாரந்தோறும் துருவி எழுதும் ஒரு வகைமையை நிலைநாட்டியிருந்தது. 'ஆனந்த விகடன்' அட்டையில் வெளியான நகைச்சுவைச் சித்திரம் ஒன்றுக்காக, 1987இல் அதன் ஆசிரியர் எஸ். பாலசுப்ரமணியன் சட்டமன்ற உரிமை மீறல் குற்றம் சாட்டப்பட்டுச் சிறைக்கு அனுப்பப்பட்டதும், நாடெங்கும் எழுந்த கண்டனத்தால் சில தினங்களிலேயே விடுவிக்கப்பட்டதும், பத்திரிகை என்பது அதிகாரத்துக்கு எதிரே நிற்கும் ஸ்தாபனம் என்ற பிரக்ஞையை வாசகரிடம் கூர்மையாக்கியிருந்தன.

இனி, வழக்கு முளைத்த இடம். சென்னையின் தென்கடற்கரையில், பாலவாக்கத்திலிருந்து வடக்கு நோக்கிச் சென்றால் கொட்டிவாக்கத்தைக் கடந்ததும் வருவது திருவான்மியூர். இன்று வீடுகளும் கடைகளும் இடைவெளியின்றி நெருங்கிக் கிடக்கும் இக்கரை, நாற்பதாண்டுகளுக்கு முன் நகரம் தேய்ந்து கிராமம் தொடங்கும் எல்லையாக, மீனவர் குப்பங்களும் சவுக்குத் தோப்புகளும் ஆளரவம் குறைந்த மணல்வெளிகளுமாக இருந்தது. பாலவாக்கமே சென்னை மாநகராட்சியுடன் இணைந்தது 2011இல்தான். நகரத்தின் பணமும் இச்சையும் வந்து சேரும் தூரத்தில் இருந்துகொண்டே, நகரத்தின் கண் எட்டாத தூரத்திலும் இருந்த இந்த எல்லைப் பிரதேசத்தில்தான், கள்ளச்சாராயத்திலும் விபசாரத் தொழிலிலும் தலையெடுத்த ஆட்டோ சங்கர் என்று பின்னர் அறியப்பட்ட கௌரிசங்கர் என்ற ஆட்டோ ஓட்டுநன் தன் ஆதிக்கத்தை நிறுவினான். ஆறு கொலைகள் அவன்மேல் சாட்டப்பட்டன. 1988இல் அவன் கைதானபோது நகரத்தார் கேட்ட கேள்வி, இவன் யார் என்பதைக் காட்டிலும், இவ்வளவும் நடந்துகொண்டிருக்கையில் காவல்துறை எங்கே இருந்தது என்பதே. அக்கேள்விக்கு நீதிமன்ற விசாரணை முழு விடை தரவில்லை என்ற எண்ணம் மக்களிடையே தங்கிவிட்டது. பின்னால் வந்த பிரசுர வழக்குக்கு விதை அந்த எண்ணமே.

4. முந்நூறு பக்கங்களும் ஒரு கடிதமும்

செங்கற்பட்டு செஷன்ஸ் நீதிமன்றம் 1991 மே 31ஆம் தேதி சங்கருக்கு மரண தண்டனை விதித்தது. 1992 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. 1994 ஏப்ரல் 5ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அவனுடைய மேல்முறையீட்டைத் தள்ளிற்று. கருணை மனு மாத்திரமே எஞ்சியிருந்த அந்த இடைவேளையில், 1994 மே மாதத்து இதழ் ஒன்றில், சங்கரின் சுயசரிதம் விரைவில் தொடராக வெளிவரும் என்று 'நக்கீரன்' அறிவித்தது. 1991இல் சிறையிலிருந்தே ஏறத்தாழ 300 பக்கங்களில் அவன் அதை எழுதினான் என்பதும், சிறை அதிகாரிகள் அறியவே அது அவன் மனைவியிடம் ஒப்படைக்கப்பட்டது என்பதும், ஐ.ஏ.எஸ்., ஐ.பி.எஸ். அதிகாரிகள் உட்படப் பலருக்கும் அவனுக்கும் இருந்த தொடர்பை அது அம்பலப்படுத்துகிறது என்பதும் மனுதாரர் தரப்பின் வாதம்.

ஜூன் 15ஆம் தேதியிட்டுச் சிறைத்துறைத் தலைவர் கோபாலுக்கு ஒரு கடிதம் எழுதினார். அப்படியொரு சுயசரிதத்தைச் சங்கர் எழுதவேயில்லை, ஆகவே அவன் பெயரால் அதைப் பிரசுரிப்பது பொய்யும் சட்ட விரோதமும் ஆகும், பிரசுரத்தை நிறுத்தத் தவறினால் நடவடிக்கை தொடரும் என்பது அதன் சாரம். இங்கே வாசகர் சற்று நிதானித்து நோக்கவேண்டும். ஓர் அதிகாரி, நீதிமன்ற உத்தரவு ஏதுமின்றி, இன்ன சட்டத்தின் இன்ன பிரிவு எனக்கு அதிகாரம் தருகிறது என்று காட்டாமல், இனி வரவிருக்கும் எழுத்தை ஒரு கடிதத்தால் நிறுத்த முற்படுகிறார். 'கிராஸ் ரோட்ஸ்' இதழுக்குச் சென்னை மாநில அரசு விதித்த தடையை 1950இல் ரொமேஷ் தாப்பர் வழக்கில் உச்ச நீதிமன்றம் செல்லாததாக்கி நாற்பத்து நான்கு ஆண்டுகள் கழிந்திருந்தும், அதே சென்னையில் அதிகார வர்க்கத்தின் பழக்கம் மாறவில்லை.

கோபால் நேரே உச்ச நீதிமன்றத்தை அணுகினார். நீதிபதிகள் தீர்ப்பை அமைத்த விதத்தில் ஒரு நுட்பம் இருக்கிறது. சங்கரும் அவன் குடும்பத்தாரும் வழக்கில் தரப்பினராக இல்லாமையால், சுயசரிதத்தை எழுதியது யார் என்ற சர்ச்சைக்குள் நீதிபதிகள் புகவில்லை. அவன் அதை எழுதவும் இல்லை, வெளியிட எவருக்கும் அனுமதி தரவும் இல்லை என்றே வைத்துக்கொள்வோம், அப்போதும் இதழுக்கு என்ன உரிமை உண்டு என்று கேட்டுக்கொண்டார்கள். பத்திரிகைக்கு மிகப் பாதகமான அனுமானத்திலிருந்து தொடங்கியதனால்தான் கிடைத்த விடைக்கு அத்தனை வலிமை வந்தது.

அவ்விடையைச் சுருக்கிச் சொல்வோம். தன்னைத் தனியே விட்டுவிடுமாறு கோரும் உரிமை ஒவ்வொரு குடிமகனுக்கும் உண்டு. அது அரசியல் சட்டத்தின் 21ஆம் பிரிவில் அடங்கியது. தன் குடும்பம், திருமணம், மகப்பேறு, கல்வி முதலானவற்றின் அந்தரங்கத்தை அவன் காத்துக்கொள்ளலாம். சம்மதமின்றி அவற்றைப் பிரசுரிப்பவர் நஷ்டஈட்டுக்குப் பொறுப்பாவார். நீதிமன்ற ஆவணங்கள் உள்ளிட்ட பொது ஆவணங்களில் ஒரு விஷயம் இடம்பெற்றுவிட்டால் அதை எழுதத் தடையில்லை. எனினும், பாலியல் கொடுமைக்கோ கடத்தலுக்கோ ஆளான பெண்ணின் பெயரை அவ்வாறும் வெளியிடலாகாது. அரசு ஊழியர்கள் தம் கடமை சார்ந்த செயல்களைப் பொறுத்தவரையில் அந்தரங்கம் என்றோ அவதூறு என்றோ நஷ்டஈடு கோர முடியாது. எழுதியவர் உண்மையைப் பற்றிச் சிறிதும் கவலையின்றி எழுதினார் என்று மெய்ப்பித்தால் மாத்திரமே கோரலாம். நியாயமான அளவு விசாரித்தறிந்து எழுதினேன் என்று பத்திரிகை காட்டினால் போதும். அரசும் உள்ளாட்சி ஸ்தாபனங்களும் அவதூறு நஷ்டஈட்டு வழக்கே தொடுக்க இயலாது. பிரசுரத்தை முன்கூட்டியே தடுக்க அதிகாரிகளுக்கு எந்தச் சட்டமும் அதிகாரம் தரவில்லை. அமெரிக்காவின் 1964ஆம் ஆண்டு சல்லிவன் தீர்ப்பையும், பென்டகன் ஆவணங்களைப் பற்றிய 1971ஆம் ஆண்டுத் தீர்ப்பையும், இங்கிலாந்தின் 1993ஆம் ஆண்டு டெர்பிஷைர் தீர்ப்பையும் ஆதாரமாகக் கொண்டு, திருவான்மியூர்க் கரையில் முளைத்த ஒரு சர்ச்சைக்கு நீதிபதிகள் இந்த விடையைக் கண்டார்கள்.

சங்கர் 1995 ஏப்ரல் 27ஆம் தேதி சேலம் மத்தியச் சிறையில் தூக்கிலிடப்பட்டான். தீர்ப்போ வளர்ந்துகொண்டே சென்றது. அந்தரங்கம் அடிப்படை உரிமையே என்று ஒன்பது நீதிபதிகள் கொண்ட அமர்வு 2017 ஆகஸ்டில் புட்டசாமி வழக்கில் ஏகமனதாக அறிவித்தபோது, அவர்கள் திரும்பிப் பார்த்த முன்னோடித் தீர்ப்புகளுள் ராஜகோபாலும் ஒன்று.

5. நிருபரும் தூதரும்

கோபாலின் கீர்த்தி தமிழகத்துக்கு வெளியே பரவியது இவ்வழக்கால் அன்று, வீரப்பனால். 1990களின் முற்பகுதியிலேயே நக்கீரன் நிருபர்கள் காட்டுக்குள் சென்று அவனைச் சந்தித்துப் படங்களுடன் எழுதினர். 1996இல் எடுக்கப்பட்ட காணொளிப் பேட்டி, அதுவரை பெயராக மாத்திரம் அறியப்பட்டிருந்தவனைப் பேசும் மனிதனாக வீட்டுக் கூடங்களுக்குள் கொண்டுவந்தது. 1997இல் கர்நாடக வனத்துறை ஊழியர்கள் பிணையாகப் பிடிக்கப்பட்டபோதும், 2000 ஜூலை 30ஆம் தேதி கன்னட நடிகர் ராஜ்குமார் தொட்டகாஜனூர் வீட்டிலிருந்து கடத்தப்பட்டபோதும், அரசுகளின் தூதராகக் காட்டுக்குள் சென்றவர் கோபால். பிற்பாடு பழ. நெடுமாறன் முதலானோரும் அப்பணியில் சேர்ந்துகொள்ள, 108 நாட்களுக்குப் பின், நவம்பர் 15ஆம் தேதி ராஜ்குமார் விடுதலையானார்.

இப்பணியைக் குறித்து இருவேறு வியாக்கியானங்கள் உண்டு. உயிர்கள் ஊசலாடும்போது தொழில் தர்மம் பேசிக்கொண்டிருப்பது மனிதத்தன்மை ஆகாது, இரு அரசுகளும் செய்ய இயலாததை ஒரு பத்திரிகையாளர் செய்தார், அதை மெச்சாமல் குறை காண்பது எவ்வாறு நியாயம் என்பது ஒன்று. செய்தியை விசாரிப்பவர் செய்தியிலேயே ஒரு பாத்திரமாகிவிட்டால், இரு தரப்பினரின் நம்பிக்கையையும் காக்கவேண்டிய தூதரின் மௌனமும், அறிந்ததையெல்லாம் வாசகருக்குச் சொல்லவேண்டிய நிருபரின் கடமையும் ஒரே நாவில் மோதாதா என்பது மற்றொன்று.

இவற்றுள் முதலாவது செயலின் நியாயத்தைச் சொல்கிறது. இரண்டாவது அச்செயலுக்குக் கொடுக்கவேண்டியிருந்த விலையைச் சொல்கிறது. ஒன்று மெய்யாவதால் மற்றது பொய்யாகிவிடாது. தூதராகச் சென்றது சரியே. ஆயின், அக்காலத்து நிகழ்ச்சிகளைப் பற்றி அவ்விதழ் எழுதியதை ஒரு தரப்பின் சாட்சியமாகக் கொண்டு, பிற சான்றுகளுடன் ஒப்புநோக்கியே சரித்திரகாரர் ஏற்கவேண்டும். வீரப்பனைத் தேடிய அதிரடிப் படையினரால் மலைக்கிராமத்து ஏழைகள் பட்ட துன்பத்தை நக்கீரன் எழுதாமலில்லை. எனினும் அத்துன்பம் ஆதாரபூர்வமான பதிவாக நிலைபெற, தேசிய மனித உரிமை ஆணையம் 1999இல் அமைத்த சதாசிவா குழுவின் விசாரணை வேண்டியிருந்தது. காட்டைப் பற்றிய கதையில் வீரப்பனின் முகம் பெரிதாகப் பெரிதாக, பெயரற்ற கிராமத்தாரின் முகங்கள் சிறிதாகிப் போயின. அதில் எல்லா ஊடகங்களுக்கும் பங்குண்டு.

6. மூடிய கதவும் திறந்த கதவுகளும்

1994ஆம் ஆண்டுத் தீர்ப்பு, முன்கூட்டிய தடை என்னும் கதவை மூடியது. அரசின் அவதூறு நஷ்டஈட்டு வழக்கு என்னும் கதவையும் மூடியது. ஆனால் வேறு சில கதவுகளை நீதிபதிகள் வெளிப்படையாகவே மூடாமல் விட்டார்கள். நீதிமன்ற அவமதிப்பு அதிகாரமும் சட்டமன்ற உரிமைகளும் விதிவிலக்காக நின்றன. 1987இல் பாலசுப்ரமணியனைச் சிறைக்கு அனுப்பிய அதே வாயில் அது. இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 499, 500ஆம் பிரிவுகள், அதாவது கிரிமினல் அவதூறு, தக்க வழக்கு வரும்வரை காத்திருக்கட்டும் என்றும் அவர்கள் குறித்தனர். பிற்காலச் சரித்திரம் இக்கதவுகள் வழியாகவும், அத்தீர்ப்பு தொடாத வேறு குற்றச் சட்டங்கள் வழியாகவும் நடந்தது.

2003 ஏப்ரலில் கோபால் பொடா சட்டத்தின்கீழ்க் கைது செய்யப்பட்டு, மாதக்கணக்கில் சிறையிலிருந்தார். பயங்கரவாதத்தை ஒடுக்கவென்று 2002இல் இயற்றப்பட்டு 2004இலேயே நீக்கப்பட்ட அச்சட்டத்தின் பிடிக்கு ஓர் இதழாசிரியர் உட்பட்டது, சட்டத்தின் நோக்கம் எவ்வளவு எளிதில் திரிபடும் என்பதற்குத் தக்க உதாரணம்.

2018 அக்டோபர் 9ஆம் தேதி நிகழ்ந்ததை இன்னும் அருகிருந்து காண்பது நல்லது. அருப்புக்கோட்டைக் கல்லூரிப் பேராசிரியை ஒருவர் சம்பந்தப்பட்ட வழக்கைப் பற்றி எழுதும்போது ஆளுநரின் பெயரை இணைத்து எழுதியதற்காக, ஆளுநர் மாளிகையின் புகாரின்பேரில் கோபால் சென்னை விமான நிலையத்தில் கைதானார். அவதூறு என்றால் அவதூறு வழக்குத் தொடுக்கலாம். காவல்துறையோ கையில் எடுத்தது இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 124ஆம் பிரிவை. குடியரசுத் தலைவரையோ ஆளுநரையோ தாக்கி அவர்தம் அதிகாரத்தைச் செலுத்தவொட்டாமல் தடுக்கும் குற்றத்துக்கு ஏழாண்டு வரை சிறை விதித்த பிரிவு அது. எழும்பூர் நீதிமன்றத்தில் அன்று, 'தி இந்து' குழுமத்தின் என். ராம் பத்திரிகை உலகின் சார்பில் எழுந்து பேச நடுவர் அனுமதித்தார். அச்சில் ஏறிய எழுத்துக்கு இப்பிரிவைப் பிரயோகிப்பது முன்னுதாரணமாகிவிடக் கூடாது என்பது அவர் விண்ணப்பம். காவலில் வைக்க மறுத்து நடுவர் கோபாலை விடுவித்தார். வழக்கறிஞரல்லாத ஒருவர், அதுவும் மொழியாலும் நடையாலும் வாசக வர்க்கத்தாலும் வேறுபட்ட ஒரு பத்திரிகை மரபின் பிரதிநிதி, நக்கீரனுக்காக எழுந்து நின்றது தமிழகப் பத்திரிகைச் சரித்திரத்தில் குறித்துவைக்கத் தக்கது.

கிரிமினல் அவதூறுச் சட்டம் செல்லும் என்று 2016 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. ஆயினும், ராம், கோபால் உள்ளிட்ட ஆசிரியர்கள்மீது தமிழக அரசு அரசு வழக்கறிஞர் மூலம் தொடுத்திருந்த அவதூறு வழக்குகளை, 2020 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி அப்துல் குத்தூஸ் ரத்து செய்தார். 1994இல் காத்திருக்கட்டும் என்று விடப்பட்ட கதவு, முழுவதும் மூடாவிடினும், பாதியேனும் சாத்தப்பட்டது.

7. ஆசிரியரும் உரிமையாளரும்

ராமின் பெயர் வந்துவிட்டதால் ஓர் ஒப்பீடு தகும். நக்கீரன் பிறந்த அதே 1988இல், அண்ணா சாலையிலிருந்து வெளிவந்த 'தி இந்து', போபர்ஸ் பீரங்கி பேரத்தில் கைமாறிய தரகுப் பணத்தைப் பற்றிய ஆவணங்களைப் பிரசுரிக்கத் தொடங்கியது. ஜெனீவாவிலிருந்து சித்ரா சுப்ரமணியம் திரட்டியனுப்பிய மூல ஆவணங்களே அந்தப் புலனாய்வின் உயிர்நாடி. அங்கே சாட்சி காகிதம். நக்கீரனில் சாட்சி பெரும்பாலும் மனிதன். காகிதத்தைச் சரிபார்க்கலாம், வாசகர் கண்முன்னே அச்சிட்டும் காட்டலாம். மனிதனின் வாய்மொழியைச் சரிபார்ப்பது அரிது, அதை அளித்தவன் பெயரை வெளியிடுவதோ பல சமயங்களில் ஆபத்து. வாய்மொழியை நம்பி நடக்கும் புலனாய்வுக்கு, ஆதாரங்களைத் தரப்படுத்தும் கட்டுப்பாடு அலுவலகத்துக்குள்ளேயே இருந்தாகவேண்டும்.

1989 அக்டோபரில் போபர்ஸ் பிரசுரத்தை இந்துவின் அன்றைய ஆசிரியர் ஜி. கஸ்தூரி நிறுத்தினார், ராம் பகிரங்கமாகவே அதை எதிர்த்தார், சித்ரா சுப்ரமணியத்தின் எழுத்து வேறு பத்திரிகைகளுக்குச் சென்றது. பெரிய ஸ்தாபனத்தில் புலனாய்வு செய்பவரை மேலிருந்து நிறுத்த ஒருவர் இருக்கிறார் என்பதற்கு அது சான்று. நக்கீரனில் ஆசிரியரே உரிமையாளர். அவரை நிறுத்த மேலே எவருமில்லை. பொடாவும் 124ஆம் பிரிவும் வந்தபோதும் இதழ் பணியாமல் நின்றதற்கு இந்தச் சுயாதீனமே முக்கிய காரணம். ஆனால் நிறுத்த எவருமில்லாத இடத்தில், இது பொதுநலனுக்கு உரியதுதானா என்று மறித்துக் கேட்கவும் எவருமில்லை. கோபாலின் பலமும் பலவீனமும் ஒரே ஊற்றிலிருந்து பெருகுபவை.

8. மறுபாதி

அப்படிக் கேட்க ஒருவர் இருந்திருக்கவேண்டிய தருணம் 2012 ஜனவரியில் வந்தது. அன்றைய முதலமைச்சர் ஜெயலலிதா மாட்டிறைச்சி உண்பவர் என்று நக்கீரன் அட்டைக் கட்டுரை ஒன்று வெளியிட்டது. ஆளுங்கட்சியினர் திரண்டுவந்து ராயப்பேட்டை அலுவலகத்தைத் தாக்கினர். அத்தாக்குதலுக்கு எந்தச் சமாதானமும் கூறுவதற்கில்லை. எழுத்துக்கு விடை எழுத்தாகவோ வழக்காகவோதான் இருக்கவேண்டும். ஆனால் கட்டுரையை 1994ஆம் ஆண்டுத் தீர்ப்பின் தராசில் வைத்தால் நிற்குமா? அரசு ஊழியர் விஷயத்தில் பத்திரிகைக்குத் தரப்பட்ட பெருஞ்சலுகை, அவர்தம் கடமை சார்ந்த செயல்களுக்கே உரியது. முதலமைச்சர் எந்தக் கோப்பில் கையெழுத்திட்டார் என்பது அந்த எல்லைக்குள் வரும். என்ன உண்டார் என்பது வராது. மெய்யோ பொய்யோ, ஒருவரின் உணவை இழிவுக்குரியதாகக் காட்டி அட்டையில் போடுவது, சாதி சார்ந்த அருவருப்புகளுக்குத் தீனி போடுவதுமாகும். தன் பெயரால் எழுந்த தீர்ப்பின் மறுபாதியை அவ்விதழ் தானே மீறியது என்று சொல்வது கடுமையாகப் படலாம். ஆயினும் அதைச் சொல்லாமல் விடுவது ஆய்வாகாது.

குறை நக்கீரனோடு நின்றுவிடவில்லை. 2019இல் பொள்ளாச்சிப் பாலியல் வன்கொடுமைகள் வெளிவந்தபோது, பாதிக்கப்பட்ட பெண்ணின் கதறல் கேட்கும் காணொளி ஊடகமெங்கும் கைபேசிகளெங்கும் பரவியது. அரசோ தன் அரசாணையிலேயே பாதிக்கப்பட்டவரின் பெயரை அச்சிட்டது. அதற்காக அவருக்கு 25 லட்சம் ரூபாய் இழப்பீடு வழங்குமாறு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிடவேண்டியதாயிற்று. அத்தகைய பெண்ணின் பெயர் பொது ஆவணத்தில் இருப்பினும் வெளியிடலாகாது என்று ஜீவன் ரெட்டியும் சென்னும் எழுதி அப்போது ஏறத்தாழ இருபத்தைந்து ஆண்டுகள் ஆகியிருந்தன. அரசும் பத்திரிகைகளும் ஒருவரையொருவர் எதிர்க்கும் வழக்குகளில் அத்தீர்ப்பை மேற்கோள் காட்டிக்கொண்டார்கள். இருவரில் எவரும் அல்லாத மூன்றாமவரை அது எவ்வாறு காக்கிறது என்பதை இருவருமே படிக்கவில்லை.

9. முடிவு

தொடக்கத்தில் வகுத்த மூன்று மதிப்பீடுகளில் எதுவும் தனியே போதாது என்பது இதுவரை கண்டவற்றால் விளங்கும். கோபால் துணிந்தவர் என்பதில் ஐயமில்லை. பொடா, 124ஆம் பிரிவு, அலுவலகத் தாக்குதல் ஆகிய மூன்றும் அதற்குச் சாட்சி. அவருடைய இதழ் பரபரப்பை நாடியது என்பதிலும் ஐயமில்லை. ஆனால் பரபரப்பான நடையில் சொல்லப்பட்டது என்பதாலேயே ஒரு செய்தி பொய்யாகிவிடாது. ஆங்கில மரபின் கண்ணியமான பத்திரிகைகள் பலவற்றுக்கு வாய்க்காத ஒரு தீர்ப்பை, அவற்றின் வாசகர்கள் மஞ்சள் என்று ஒதுக்கிய ஒரு தமிழ் இதழ் தேசத்துக்குப் பெற்றுத் தந்தது. அவர் வெளியிட்ட எந்தப் பரபரப்புச் செய்தியைக் காட்டிலும் நெடுங்காலம் நிற்கப்போவது அத்தீர்ப்பே என்பது இக்கட்டுரையின் முதல் முடிவு. அதன் முதற்பாதிக்கு அவர் வாழ்வு சிறந்த சாட்சி, மறுபாதிக்கு அவ்வளவு நல்ல சாட்சியன்று என்பது இரண்டாவது முடிவு.

தமிழ்ப் பத்திரிகையாசிரியர்களிடமும், இதழியல் கற்பிக்கும் ஆசிரியர்களிடமும் ஒரு விண்ணப்பம் உண்டு. ராஜகோபால் தீர்ப்பை, அதிலிருந்து உருவி எடுத்த மேற்கோள்களாக அல்லாமல், முதல் வரி முதல் கடைசி வரி வரை தமிழில் பெயர்த்து, ஒவ்வொரு ஆசிரியர் குழுவும் வாசிக்கச் செய்யவேண்டும். ஒரு கட்டுரை அச்சேறுமுன் அதிலுள்ள அதிகாரியைப் பற்றிக் கேட்கும் கேள்விகளைப் போலவே, அதில் அகப்பட்டுக்கொண்ட சாமானியரைப் பற்றியும் அதே கண்டிப்புடன் கேட்கவேண்டும். அதிகாரத்திடமிருந்து பெற்ற சுதந்திரத்தை, அதிகாரமற்றவர்மீது பிரயோகிக்கும் உரிமை எந்தப் பத்திரிகைக்கும் இல்லை.